மூன்று கால் முயலை நிஜமாகவே பார்த்தவர்கள் உண்டா?

கொள்ளுக்காட்டுக்காரன் (பென்னாகரம் பக்கம்)

சிரிக்காமல் படியுங்கள். போன மாதம் தர்மபுரியில் வேலை முடித்து ராத்திரி பத்தரை மணிக்கு பைக்கில் வந்துகொண்டிருந்தேன். மெயின் ரோட்டை விட்டு எங்கள் ஊர் மண் பாதையில் இறங்கினால் இரண்டு பக்கமும் கொள்ளுக் காடுதான். வேலி ஓரத்திலிருந்து ஒரு முயல் குதித்து ஹெட்லைட் வெளிச்சத்துக்குள் வந்து விழுந்தது. விழுந்தது ஓரமாக ஒதுங்கவில்லை. ராத்திரியில் வண்டி ஓட்டுகிறவர்களுக்கு இது தெரியும். வெளிச்சம் எதுவரை நீள்கிறதோ அதுவரை நேராக ஓடும், பக்கத்தில் இருக்கிற இருட்டுக்குள் தாவ அதற்கு மனசு வராது. நான் வேகத்தைக் குறைத்தேன். அதுவும் குறைத்தது. அப்போதுதான் ஓட்டத்தில் ஒரு கோணலைக் கவனித்தேன். ஒவ்வொரு தாவலுக்கும் தலை இடது பக்கம் இறங்கி ஏறியது. இடது முன்னங்கால் மூட்டுக்குக் கீழே இல்லை.

பாவமாக இருந்தது. லைட்டை அணைத்தேன். மறுபடி போட்டபோது காணோம்.

வீட்டுக்கு வந்து சொன்னேன். சொல்லியிருக்கக் கூடாது. "தான் பிடித்த முயலுக்கு மூன்றே கால்" என்று மனைவி ஆரம்பித்து வைத்தாள், மறுநாள் காலை அது டீக்கடை வரை போய்விட்டது. "ஏன்டா, நாலாவது காலைக் கொழம்பு வெச்சிட்டியா?" என்று சித்தப்பா கேட்டார். தான் சொன்ன ஜோக்குக்குத் தானே சிரித்ததில் அவர் வேட்டி முழுக்க டீ. நல்லா வேணும்.

பிடிவாதக்காரனைக் கிண்டல் செய்ய ஊருக்கு ஒரு பழமொழி இருக்கிறது, சரி. நிஜமாகவே மூன்று கால் முயலைப் பார்த்தவன் அதை யாரிடம் போய்ச் சொல்வது? முயற்கொம்பைப் பார்த்தேன் என்றிருந்தால்கூடக் குடித்துவிட்டு வந்திருக்கிறான் என்று விட்டிருப்பார்கள்.

எங்கள் ஆயா இருந்திருந்தால் நம்பியிருக்கும். மற்ற வீட்டுப் பிள்ளைகளுக்கெல்லாம் நிலாவில் பாட்டி வடை சுட்டாள், எங்களுக்கு மட்டும் முயல். களத்தில் ராகிப் போருக்குப் பக்கத்தில் படுக்க வைத்து, "காது ரெண்டும் மேல, முதுகு அந்தாண்ட" என்று வானத்தில் விரலால் கோடு போட்டுக் காட்டும். அது எப்படி அங்கே போனது என்பதற்கும் கதை உண்டு. பசியோடு வந்த ஒரு கிழவனுக்குக் குரங்கு மாம்பழம் பறித்துக் கொடுத்தது. நரி எங்கேயோ கிடந்த தயிர்ச் சட்டியை எடுத்து வந்தது. முயலிடம் புல்லைத் தவிர என்ன இருக்கிறது? என்னையே தின்னுங்க என்று நெருப்பில் குதித்தது. நெருப்பு சுடவில்லை. கிழவனாக வந்தது சாமி. இதை உலகம் மறக்கக் கூடாது என்று முயலை நிலாவில் வரைந்துவிட்டுப் போனாராம்.

பெரியவனான பிறகுதான் இது புத்தரின் முற்பிறவிக் கதை, சச ஜாதகம் என்று தெரிந்தது. கையெழுத்துக்கூடப் போடத் தெரியாத ஆயாவிடம் அது எத்தனை பேர் வாய் மாறி வந்து சேர்ந்ததோ. சசம் என்றால் முயல். சசி, சசாங்கன் என்று நிலாவுக்குப் பெயர் வந்ததே அதனால்தான். எங்கள் ஊரில் சசி என்று பெயர் வைத்திருக்கிற இரண்டு பேரும் என் முயலைப் பற்றிச் சிரித்தார்கள் என்பதை இங்கே பதிவு செய்கிறேன்.

உங்கள் பக்கம் முயல் சம்பந்தமாகக் கேட்டது, பார்த்தது எதுவானாலும் சொல்லுங்கள். அந்தப் பழமொழி மட்டும் வேண்டாம்.

அவ்வா பேரன் (தேன்கனிக்கோட்டை)

நான் நம்புகிறேன் அண்ணா. எங்கள் வீட்டில் தெலுங்கு, முயலுக்குக் குந்தேலு. எதிர் வீட்டில் கன்னடம், அவர்களுக்கு மொல. ஒரே முயல் எங்கள் தெருவைத் தாண்டுவதற்குள் மூன்று பெயர் வாங்கிவிடும்.

அவ்வா சொன்ன கதை யானையும் முயலும். மழை இல்லாத வருஷத்தில் யானைக் கூட்டம் ஏரிக்குத் தண்ணீர் தேடி வருகிறது, வழியில் வளையெல்லாம் மிதிபட்டு முயல்கள் சாகின்றன. ஒரு முயல் பாறை மேல் ஏறி நின்று, "நான் சந்திரனோட தூதன். இந்த ஏரி அவருது. நீங்க கலக்கினதுல கோபமா இருக்கார்" என்கிறது. ராத்திரி யானை ராஜாவை அழைத்துப் போய்த் தண்ணீரில் ஆடுகிற நிலாவைக் காட்டி, "பாரு, கோபத்துல எப்படி நடுங்கறார்" என்கிறது. யானை கும்பிட்டுவிட்டுத் திரும்பிப் போகிறது. பஞ்சதந்திரக் கதைதான். ஆனால் அவ்வா வாயில் அது எங்கள் ஊர் ஏரி, பாறை எங்கள் மாட்டுக் கொட்டகைக்குப் பின்னால் இருக்கிற பாறை.

முயல் மேல் எனக்கு மரியாதை வந்தது இரண்டு வருஷத்துக்கு முன்னால். ராகி அறுக்கிற காலத்தில் கர்நாடகக் காட்டிலிருந்து யானைகள் இந்தப் பக்கம் இறங்குவது எல்லாருக்கும் தெரிந்ததே. சானமாவு, போடூர்பள்ளம் என்று பேப்பரில் பெயர் அடிபட ஆரம்பித்தால் எங்களுக்குத் தூக்கம் போச்சு. நல்ல நிலா வெளிச்சம். பரண் மேல் நானும் மாமாவும். ராகிக்குள்ளிருந்து இரண்டு முயல்கள் வெளியே பாய்ந்து, ஆள் இருக்கிறதே என்று யோசிக்காமல் பரணுக்கு அடியிலேயே புகுந்து ஓடின. மாமா என் கையைப் பிடித்து அழுத்தினார். "மொசலு நம்மகிட்டயே ஓடி வருதுன்னா, நம்மள விடப் பெருசா எதையோ பார்த்திருக்கு" என்றார், ரொம்பச் சின்னக் குரலில்.

அவர் சொல்லி முடித்துக் கொஞ்ச நேரத்தில் தாள் முறிகிற சத்தம். ஐந்து யானை, அதில் ஒன்று குட்டி. கதையில் ராஜா வருவார், நிஜத்தில் கூட்டத்தை நடத்துவது வயசான பெண் யானை. தின்ற வரைக்கும் தின்றுவிட்டு ஏரியில் இறங்கின. நிலா அங்கேதான் மிதந்துகொண்டிருந்தது. கிழவி தும்பிக்கையை நேராக நிலா மேலேயே விட்டு உறிஞ்சினாள். கும்பிடவெல்லாம் இல்லை.

காட்டு முயல் மேல் தைத்த அம்பைவிட யானைக்கு எறிந்து தவறிய வேல் மேல் என்கிறது 772ஆம் குறள். பள்ளிக்கூடத்தில் எனக்குப் பிடித்த குறள் அது. அன்றைக்குப் பரண் மேல் எங்களிடம் இருந்தது ஒரு டார்ச், ஒரு தகர டப்பா, நமத்துப்போன பட்டாசு. வள்ளுவரோடு ஒத்துப்போக முடியவில்லை.

சித்தேரி அடிவாரம் (அரூர்)

எங்கள் காட்டில் ஒரு புளியமரத்துப் பக்கம் பொழுது சாய்ந்தால் யாரும் போகமாட்டார்கள். பிரசவத்தில் செத்த பொம்பளை ஒருத்தி குழந்தையோடு அங்கே இருக்கிறாள் என்பார்கள். நான் எட்டாவது படிக்கும்போது ஒரு ராத்திரி அந்தக் குழந்தை அழுதது. பச்சைக் குழந்தை வீறிடுகிற அதே குரல், நாலைந்து முறை. அம்மா என் காதைப் பொத்தினாள். அப்பா டார்ச்சை எடுத்துக்கொண்டு போனார். எங்கள் அப்பா வீரர் இல்லை, அன்றைக்கு ஏன் போனார் என்று இன்னும் புரியவில்லை.

திரும்பி வந்து திண்ணையில் உட்கார்ந்து தண்ணீர் கேட்டார். நரி வாயில் முயல். வாயில்லாச் சீவன் என்று நாம் நினைக்கிற முயல் சாகப் போகிற நேரத்தில் மட்டும் அப்படிக் கத்துமாம். "பேயா இருந்திருந்தா நல்லா இருந்திருக்கும்" என்றார். ரொம்ப நாள் அவர் முயல் கறி தொடவில்லை.

புளியமரத்துக் கதையை ஊரில் இன்னும் சொல்கிறார்கள். நாங்கள் மறுத்துப் பேசுவதில்லை.

டீச்சரம்மா (பாலக்கோடு)

அவ்வா பேரனுக்கு ஒரு சின்னத் திருத்தம். நம் காட்டு முயல் வளை தோண்டாது, பிடரியில் கருப்பு மயிர் இருக்கும், அதுதான் அடையாளம். புல்லை அழுத்தி உடம்பு அளவுக்கு ஒரு பள்ளம் செய்து படுத்துக்கொள்ளும், அவ்வளவுதான் அதன் வீடு. குட்டியும் உடம்பு நிறைய மயிரோடு, கண் திறந்தே பிறக்கும். வளை தோண்டுவது கூண்டில் வளர்க்கிறோமே அந்தச் சீமை முயலின் ஜாதி. பஞ்சதந்திர முயலைப் பற்றி எனக்குத் தெரியாது, அது பேசவே செய்கிறது.

நிலக்கடலை களை எடுக்கும்போது பெண்கள் ஒரு குட்டியை எடுத்து வந்து என் கையில் கொடுத்தார்கள். தாய் விட்டுவிட்டுப் போய்விட்டது, டீச்சர் வளர்க்கட்டும் என்று. பழைய குட்டி ஒன்று பால் குடிக்காமல் என் வீட்டில் செத்த அனுபவம் இருந்ததால், எடுத்த இடத்திலேயே கொண்டு போய் வைக்கச் சொன்னேன். மனுஷர் கை பட்டால் தாய் சேர்க்காது என்றார்கள். பொழுது இறங்கியதும் வரப்பில் உட்கார்ந்து பார்த்தேன், கொசு பிடுங்கிவிட்டது. இருட்டுகிற நேரத்தில் தாய் வந்தது. நேராக வரவில்லை. போய், திரும்பி, வந்த தடத்திலேயே பின்னால் வந்து, பக்கவாட்டில் ஒரு தாவு தாவி, அப்புறம்தான் குட்டியிடம். பால் கொடுத்தது சில நிமிஷம்தான், மறுபடி போய்விட்டது. பகலில் பக்கத்தில் இருந்தால் நரிக்கு வாசனை காட்டிக்கொடுத்தது போலாகும் என்று அதற்குத் தெரியும்.

முயல் குறுக்கே போனால் காரியம் கெடும் என்று என் மாமியார் வண்டியை நிறுத்தச் சொல்வார். மாமனாருக்கோ அது நல்ல சகுனம். அவர் வேட்டைக்குப் போகிறவர், குறுக்கே வந்தால்தானே அவருக்குக் குழம்பு. சந்தையில் முயல் ரத்தத் தைலம் விற்கிறவர்கள் பற்றியும் ஒரு வார்த்தை. நாற்பது வருஷமாக அதைத் தேய்த்த என் கணவருக்கு வழுக்கை.

எல்லையோரம் (வேப்பனப்பள்ளி பக்கம்)

எங்கள் ஊரில் பொங்கல் முடிந்ததும் பெருமாளுக்குப் பாரிவேட்டை. முன்பெல்லாம் இளவட்டங்கள் வலை, தடியோடு கரட்டுக்குப் போய் ஒரு முயலை உயிரோடு பிடித்து வருவார்கள். முயலுக்குப் பின்னங்கால் நீளம், ஏற்றத்தில் அதை எந்த நாயும் பிடிக்காது. அதனால் மேலே இருந்து கீழே விரட்டி, இறக்கத்தில் வலை கட்டுவார்கள். பிடித்த முயலுக்கு மஞ்சள் குங்குமம் வைத்து, சாமியை மூன்று சுற்று சுற்றி, கொல்லாமல் விட்டுவிடுவார்கள். அது எந்தத் திசையில் ஓடுகிறதோ அந்தப் பக்கம் மழை என்று பெரியவர்கள் பேசிக்கொள்வார்கள்.

1972ஆம் வருஷத்து வன உயிரினச் சட்டப்படி முயலைப் பிடிப்பதும் குற்றம். எங்கள் ஊருக்கு அது உறைக்க ரொம்ப வருஷம் ஆனது. கடைசியில் ஒரு வருஷம் வனத்துறை கண்டிப்பாகச் சொல்லிவிட, விழாக் கமிட்டி கூடி யோசித்து, சந்தையில் ஒரு வெள்ளை முயலை விலைக்கு வாங்கி வந்தது. சிவப்புக் கண், பஞ்சு மாதிரி உடம்பு. பொட்டு வைத்தார்கள், மேளம் அடித்தார்கள், மூன்று சுற்று சுற்றினார்கள், கீழே விட்டார்கள். கூட்டம் முழுக்க வழி விட்டு ஒதுங்கி நின்றது.

அது ஓடவில்லை. உட்கார்ந்த இடத்தில் மூக்கை ஆட்டியது. அப்புறம் மெதுவாக வந்து சாமி காலடியில் கிடந்த துளசி மாலையைத் தின்ன ஆரம்பித்தது. பூசாரி "கோவிந்தா" என்றார், வேறு என்ன சொல்வார். அந்த வருஷம் மழை கோயிலுக்குள்ளேயே பெய்ய வேண்டும் என்று என் தம்பி சொல்லி அடி வாங்கினான். முயலைத் தர்மகர்த்தா வீட்டுப் பேத்தி தூக்கிக்கொண்டு போனாள். இப்போது மரத்தில் செய்த முயல்தான்.

கரட்டாண்டை (ஊத்தங்கரை)

முயல் நாயை எதிர்த்து விரட்டிய மண் வீர மண், அங்கே கோட்டை கட்டலாம் என்று ஒரு கதை உண்டு. விஜயநகரத்துக்கும் சொல்கிறார்கள், பாஞ்சாலங்குறிச்சிக்கும் சொல்கிறார்கள். என் தாத்தா எங்கள் ஊருக்கும் சொன்னார். எங்கள் ஊரில் கோட்டை இல்லை, அதனால் நான் நம்பவில்லை.

ஆனால் மொசப் பிடிக்கிற நாயை மூஞ்சியைப் பார்த்தாலே தெரியும் என்று பெருமையாக நான் வளர்த்த நாய், கரட்டு மேல் ஒரு முயலைத் துரத்திக்கொண்டு போனது. முயல் சட்டென்று நின்று திரும்பியது. நாயும் நின்றது. இரண்டும் ஒன்றையொன்று பார்த்தன. அப்புறம் நாய் என்னைப் பார்த்தது. கோட்டை கட்ட இடம் பார்க்கிறவர்கள் வரலாம்.

கொள்ளுக்காட்டுக்காரன் (பென்னாகரம் பக்கம்)

எல்லாருக்கும் நன்றி. டீச்சரம்மா, வந்த தடத்திலேயே திரும்பி வரும் என்று நீங்கள் எழுதியதைப் படித்துவிட்டு, ஞாயிற்றுக்கிழமை காலையில் அது குதித்த இடத்துக்கு நடந்து போய்ப் பார்த்தேன். வேலிக்கு அடியில் ஒரு சந்து, முயல் நுழைந்து நுழைந்து வழவழப்பாகி இருந்தது. சுற்றிலும் புழுக்கை. சந்தின் வாயில் சைக்கிள் பிரேக் கம்பியில் செய்த சுருக்கு. கழுத்துக்கு வைத்தது. காலில் மாட்டியிருக்கிறது. கம்பியில் ஒட்டியிருந்த மயிர் காய்ந்து போய் இருந்தது.

கம்பியின் மறுமுனை நீலக் கயிற்றால் வேலிக்காலில் கட்டியிருந்தது. அந்த நீலக் கயிறு எனக்குத் தெரியும். ஆடி மாதம் மாட்டுக்கு மூக்கணாங்கயிறு வாங்க நானும் கூடப் போயிருந்தேன், சந்தையில் மீதிச் சுருளைச் சித்தப்பாதான் பேரம் பேசி வாங்கினார்.

கம்பியை அவிழ்த்து வண்டிப் பெட்டிக்குள் போட்டிருக்கிறேன். இன்னும் வீட்டில் யாரிடமும் சொல்லவில்லை. காலையில் டீக்கடையில் பார்த்தபோது, "என்னடா, மூணு காலு மறுபடி வந்துதா?" என்று கேட்டார். வந்தது என்றேன்.