சொர்க்கப் பறவைகளைக் கண்டவர்கள் எழுதலாம்

செண்பகம்:
இந்தோனேசியாவின் ராஜா அம்பட் தீவுக்கூட்டத்தில் உள்ள வைகியோ தீவுக்குப் போனவர்களுக்கு, பறவை பார்க்க ஒளிந்து உட்காரும் அந்த ஓலை மறைப்பைப் பற்றி நான் விளக்க வேண்டியதில்லை. வெளிச்சம் பரவிய பிறகும் வில்சன் சொர்க்கப் பறவை வராததால், எங்கள் வழிகாட்டி ஒரு பச்சை இலையை எடுத்துச் சென்று, பெண் பறவையைக் கவர ஆடுவதற்காக அந்தப் பறவை கூட்டித் துடைத்தாற்போல் வைத்திருந்த ஆடுகளத்தின் நடுவே போட்டுவிட்டு வந்தார். சற்று நேரத்தில் சிவந்த முதுகும் மொட்டையான நீலத் தலையுமாக இறங்கிய ஆண் பறவை, இலையை அலகால் கவ்வி அப்பால் வீசியது. வாலின் இரு சுருள் இறகுகளும் அந்த வேகத்தில் துள்ளின. நான் கண்டது அதன் அழகையா, பதற்றத்தையா என்ற கேள்வி இன்னும் என்னை விடவில்லை.

வால்காக்கை:
அந்த வழிகாட்டி செய்ததை என்னால் ஏற்க முடியாது. பெண் பறவை மேலே அமர்ந்து கீழ்நோக்கிப் பார்க்கும். அந்தப் பார்வைக்காகத்தான் ஆண் தன் பச்சை மார்புக் கவசத்தை விரிக்கிறது. அந்த வேளையில் அதைக் குப்பை அள்ள வைக்கலாமா? இந்தோனேசியாவின் ஆர்ஃபக் மலையில் நாங்கள் எதையும் தொடாமல் காத்திருந்தோம். மேற்குப் பரோட்டியா என்ற சொர்க்கப் பறவை விலா இறகுகளைப் பாவாடைபோல் விரித்து, தலையின் ஆறு கம்பி இறகுகளும் அதிர ஆடியதை முழுமையாகக் கண்டோம்.

கொண்டலாத்தி:
பப்புவா நியூ கினியின் டாரி கணவாயில், ஜெர்மனியின் சாக்சனி மன்னரின் பெயர் பெற்ற சொர்க்கப் பறவை தன் உடலைப்போல் இரு மடங்கு நீளமான தலை இறகுகளைச் சுழற்றியதைப் பார்த்தேன். வால்காக்கை வழிகாட்டியை மட்டும் குறை சொல்வது சரியன்று. வருகிறவர்களின் அவசரமே இலையை வைக்கச் செய்கிறது. 1857இல் இந்தோனேசியாவின் ஆரு தீவுகளில் ஆங்கிலேய இயற்கை ஆய்வாளர் வாலஸ் கண்ட வேடர்கள், இறகு கெடாதிருக்க மழுங்கிய அம்புகளால் சொர்க்கப் பறவைகளை வீழ்த்தினார்கள். இன்று பறவை உயிரோடு இருந்தால்தான் காட்டுக்குரிய குடும்பத்துக்கு வருமானம் என்ற நிலை பல ஊர்களில் வந்திருக்கிறது, அதைக் கெடுக்காதீர்கள். கட்டணத்தை நிலத்துக்குரியவர் கையிலேயே கொடுங்கள். களத்தில் எதையும் வைக்க வேண்டாம் என்று முதல் நாளே சொல்லிவிடுங்கள். பறவை தானாக விலகும்வரை மறைப்பைவிட்டு வெளியே வராதீர்கள். பிளாஷ் கூடவே கூடாது. சில இனங்களின் கரிய இறகு தன்மேல் விழும் ஒளியில் 99.95 சதவீதம்வரை உறிஞ்சிவிடுவதாக 2018இல் வெளியான ஆய்வு காட்டியது. கேமரா அந்தக் கருமையை ஈடுகட்டப் பார்த்து மற்ற நிறங்களை வெளுக்கச் செய்துவிடும் என்பதால், எக்ஸ்போஷரை, அதாவது படத்தில் பதியும் ஒளியின் அளவை, சற்றுக் குறைத்தே எடுங்கள்.