எப்ஐஆரை இப்பவே குவாஷ் (ரத்து) பண்ண முடியுமா? தெரிஞ்சவங்க சொல்லுங்க

வணக்கம் ஃப்ரெண்ட்ஸ், அண்ணன் மேல அவரோட பார்ட்னர் சீட்டிங்னு (மோசடின்னு) புகார் குடுத்து எப்ஐஆர் போட்டுட்டாங்க, அம்மா ரெண்டு வாய் கூட சாப்பிட மாட்டேங்கிறாங்க. விஷயம் வெறும் பணப் பாக்கிதான், அக்ரிமெண்ட்ல தவணைத் தேதியெல்லாம் இருக்கு, ஆரம்பத்துலயே ஏமாத்துற எண்ணம் இருந்துச்சுன்னு புகார்ல ஒரு வரி கூட இல்ல. புது குற்றவியல் நடைமுறைச் சட்டமான பிஎன்எஸ்எஸ்ல பிரிவு 528, அதாவது பழைய சட்டத்துல 482, அதுல ஹைகோர்ட் போலாம்னு ஒரு வக்கீல் சொல்றார், இன்னொருத்தர் சுப்ரீம் கோர்ட்டோட 2021 நீஹாரிகா தீர்ப்பைச் சொல்லி போலீஸ் விசாரணையை ஆரம்பத்துலயே அவ்வளவு சுலபமா நிறுத்த மாட்டாங்கங்கிறார். புகாரை அப்படியே உண்மைன்னு எடுத்துக்கிட்டாலும் குற்றம் வரலைன்னா ரத்து பண்ணலாம்னு சுப்ரீம் கோர்ட்டோட பஜன் லால் தீர்ப்புல இருக்கே, அது எங்களுக்குப் பொருந்தாதா? அக்ரிமெண்டை இந்த ஸ்டேஜ்ல ஜட்ஜ் பார்ப்பாங்களா? முன்ஜாமீன் தனியா போடணுமா? ப்ளீஸ், அனுபவம் உள்ளவங்க சொல்லுங்க.