உறக்க மூடுபனி: என் கதையுலகிற்கு அறிவியல் அறிந்தவர்களின் உதவி தேவை

குழுவினர் அனைவருக்கும் வணக்கம். நான் எழுதிவரும் மாயப்புனைவு நாவலில், மலைகள் சூழ்ந்த பள்ளத்தாக்கு ஒன்றில் ஆண்டுக்கொருமுறை வெண்மூடுபனி இறங்குகிறது. அது தரையை ஒட்டிப் பரவுவதால் முதலில் நாய்கள் சுருண்டு படுக்கின்றன. அடுத்துத் தவழும் குழந்தைகள் கண்ணயர்கின்றன. கடைசியில், மாவரைக்கும் பெண்கள் குழவியில் வைத்த கையை எடுக்காமலேயே உறங்கிப்போகிறார்கள். வெயில் ஏறியதும் எல்லோரும் எழுந்துவிட வேண்டும். அங்கேதான் சிக்கல்.

கேமரூனின் நியோஸ் ஏரியிலிருந்து 1986 ஆகஸ்ட் 21 அன்று இரவு பொங்கி வெளியேறிய கரியமில வாயு, காற்றைவிடக் கனமானது என்பதால் பள்ளத்தாக்குகளில் வழிந்தோடி ஏறத்தாழ 1,700 பேரின் உயிரைக் குடித்தது. பிழைத்தவர்களில் சிலருக்குப் பல மணி நேரம் கழித்தே நினைவு திரும்பியது. என் மூடுபனிக்கு வித்து அந்நிகழ்வுதான். ஆனால் அதே வாயுவை வைத்தால் என் ஊரில் பாதிப்பேர் எழவே மாட்டார்கள். பல் மருத்துவத்தில் பயன்படும் நைட்ரஸ் ஆக்சைடும் ஏறக்குறைய அதே கனம்தான் என்றாலும், அதில் சுடர் அணையாமல் கொழுந்துவிட்டு எரியும். என் கதையிலோ மூடுபனி வந்ததற்கு அடையாளமே அகல்விளக்கு அணைவதுதான். (அந்தக் காட்சியை விட்டுவிட மனமில்லை.)

சுடரை அணைத்து, உயிரைப் பறிக்காமல் ஓரிரவு மட்டும் உறங்கவைக்கும் பொருளாகப் பூவின் மகரந்தத்தையோ பூஞ்சை வித்துகளையோ கற்பனை செய்தால் வாசகர் நம்புவாரா என்பதையும், அத்தகைய மூடுபனி விடியும்வரை கலையாமல் தங்குவதற்கு நில அமைப்பு எப்படி இருக்க வேண்டும் என்பதையும், வேதியியலோ வானிலையியலோ அறிந்தவர்கள் விளக்கினால் நன்றியுடையவனாக இருப்பேன்.