புதுப்பிப்பு: ஓநாய்நாய்களைப் பார்த்துவிட்டு வந்தேன்

பின்லாந்தில், இனாரி என்ற ஊருக்கு அப்பால் ஒரு பண்ணையில் இருக்கும் ஓநாய்நாய் (ஓநாயும் நாயும் கலந்த இனம்) காப்பகத்துக்குப் போகிறேன், தொட விடுவார்களா என்று போன மாதம் கேட்டிருந்தேன். "கையை நீட்டாதீங்க, அதுவா வரட்டும்" என்று சொன்னவருக்கு முதல் நன்றி.

அப்படியே செய்தேன். பனியில் உட்கார்ந்து, நேராகக் கண்ணைப் பார்க்காமல் இருந்தேன். இருபது நிமிடம் ஒன்றும் நடக்கவில்லை. அப்புறம் ஒரு பெண் நாய் பின்பக்கமாக வந்து கையுறையை முகர்ந்தது. மீசை முடியெல்லாம் உறைபனி, தேன் நிறக் கண்கள். மூச்சின் சூடு மணிக்கட்டில் பட்டது. குரைக்கவே இல்லை.

அங்கே இருப்பவை செக்கோஸ்லோவாக்கிய வகை. ஜெர்மன் ஷெப்பர்டையும் கார்பாத்திய ஓநாயையும் கலந்து 1955-இல் தொடங்கிய இனம். குட்டியின் அழகில் மயங்கி வாங்குகிறார்கள், வளர்ந்ததும் சமாளிக்க முடியாமல் கைவிடுகிறார்கள். தனியாக அடைத்தால் கதவையே பிய்த்துவிடுமாம். தோண்டித் தப்பாமலிருக்க, வேலியின் கம்பிவலையை மண்ணுக்குள்ளும் இறக்கியிருக்கிறார்கள். சுற்றிலும் கலைமான்கள் மேயும் நிலம், தப்பினால் அவற்றைத் துரத்திவிடும் என்பதால் வேறு வழியில்லை.

நானும் ஒன்று வளர்க்க ஆசை என்று எழுதியிருந்தேன் இல்லையா, அதை விட்டுவிட்டேன். அந்தப் பெண் நாயின் தீனிச் செலவுக்கு மாதாமாதம் பணம் அனுப்பப் போகிறேன்.