பறவைக் கோலா பார்த்தவர்கள் சொல்லுங்கள்

காட்பாடியிலிருந்து:
நம்ம வட ஆற்காட்டில் கோலா என்றால் கறிக்கோலா உருண்டைதான். கடலோரத்தில் அது ஒரு மீனின் பெயர். இறக்கைபோல விரியும் துடுப்புள்ள பறக்கும் மீனைப் பறவைக் கோலா என்பார்கள். நான் அதை உயிரோடு பார்த்தது சென்னையிலிருந்து அந்தமானின் போர்ட் பிளேருக்கு (இப்போது ஸ்ரீ விஜயபுரம்) கப்பலில் போனபோது. அங்கே வேலையில் இருந்த தங்கை வீட்டுக்காரரைப் பார்க்கப் போயிருந்தோம்.

முதல் நாள் பொழுதுசாயும்வரை ஒன்றும் கண்ணில் படவில்லை. தண்ணீர் பச்சையும் கலங்கலுமாக இருந்தது. மறுநாள் விடியலில் மேல்தளத்துக்கு ஏறினால் கடல் மையைக் கரைத்து ஊற்றியதுபோல நீலமாகிவிட்டிருந்தது. கப்பலின் மூக்கு தண்ணீரைக் கிழிக்கிற இடத்திலிருந்து பத்துப் பதினைந்து சிட்டுக்குருவிகள் சிதறியதுபோல எதுவோ கிளம்பியது. அலைக்கு ஒரு முழம் மேலே நேராகப் போனது. வேகம் குறைந்ததும் வாலை மட்டும் தண்ணீரில் இறக்கிப் படபடவென்று அடித்து, மறுபடி எழும்பியது. இறக்கை கடைசிவரை அசையவே இல்லை. என் பெண் கையைத் தட்டிக்கொண்டே இருந்தாள். மூன்று நாள் பயணத்தில் அதற்குப் பிறகு நாங்கள் அறைக்குள் இருந்த நேரம் குறைவு.

வேறு யாராவது பார்த்திருக்கிறீர்களா? எங்கே, எந்த மாதம் என்பதையும் சொல்லுங்கள்.

ஆரணியிலிருந்து:
சரக்குக் கப்பலில் பல வருடம் வேலை பார்த்தவன் நான். அண்ணா சொன்னது சரி, அது பறவைபோல் சிறகடிப்பதில்லை. தண்ணீருக்குள்ளேயே வேகம் எடுத்து வெளியே பாய்ந்து, இறக்கையை விரித்துக் காற்றில் சறுக்குகிறது. 2008இல் ஜப்பானில் யாகுஷிமா தீவு அருகே ஒரு மீன் 45 விநாடி காற்றில் இருந்ததைப் படம்பிடித்தார்கள். சூரை மாதிரி பெரிய மீன் துரத்தும்போது இதுதான் தப்பிக்கிற வழி. ஆனால் மேலே வந்தால் கடற்பறவைகள் காத்திருக்கும், பாவம்.

வெதுவெதுப்பான கடலில்தான் இது அதிகம். வங்காள விரிகுடா, அரபிக்கடல், கரீபியன் எல்லாவற்றிலும் பார்த்திருக்கிறேன். குளிர்ந்த கடலுக்குள் போகப்போகக் குறைந்துவிடும். ஆழத்துக்கும் போகாது. மேல்நீரில் மிதக்கும் நுண்ணுயிர்கள்தான் அதற்குச் சாப்பாடு.

இரவில் விளக்கு வெளிச்சத்துக்கு வந்து தளத்தில் விழும். ஒருநாள் காலை கயிற்றுச் சுருளுக்குள் ஒன்று கிடந்தது. ஒரு சாண் நீளம், முதுகு கருநீலம், வயிறு வெள்ளி. உடம்போடு ஒட்டியிருந்த இறக்கையை விரலால் இழுத்தேன், பனையோலை விசிறி மாதிரி விரிந்தது. நரம்புகளுக்கு நடுவே கண்ணாடிபோன்ற சவ்வு. வாலின் கீழ்ப்பாதி மேல்பாதியைவிட நீளம். தண்ணீரை அடித்து எழும்புவது அதைக்கொண்டுதான். கையெல்லாம் செதில் ஒட்டிக்கொண்டது.

குடியாத்தத்திலிருந்து:
நாகப்பட்டினம் பக்கம் ஆறு வருடம் பள்ளி ஆசிரியையாக இருந்தேன். வைகாசி, ஆனி வந்தால் கோலா சீசன் என்பார்கள். என் வகுப்புப் பையனின் தாத்தா சொன்ன முறையைக் கேட்டு அசந்துபோனேன். கரை தெரியாத தூரம் போய், தழைகளைக் கட்டாகக் கட்டி மிதக்க விடுவார்களாம். இந்த மீன் முட்டையிட மிதக்கிற பொருளைத் தேடும். முட்டையில் நூல் நூலாக இழை இருக்கும், அதுதான் தழையில் பற்றிக்கொள்ளும். "தழையைக் கண்டா கோலா கூட்டமா வந்து அப்பிக்கும் டீச்சர், வலையால அள்ளிக்க வேண்டியதுதான்" என்றார். 1923இல் ஜேம்ஸ் ஹார்னெல் என்பவர் சோழமண்டலக் கரையின் கோலாப் பிடிப்பைப் பற்றி விரிவாக எழுதியிருக்கிறார். இந்தக் கரையின் பெயரையே தாங்கிய ஓர் இனமும் உண்டு. நம் மாநிலத்துக் கடலில் இப்படி ஒன்று இருப்பது நம்ம பிள்ளைகளுக்குத் தெரியாமல் போவது எனக்கு வருத்தம்தான்.

வேலூரிலிருந்து:
கல்லூரி மாணவன். அக்கா, மெரினாவிலோ மாமல்லபுரத்திலோ நின்றால் தெரியுமா? இங்கே மீன் மார்க்கெட்டில் கேட்டேன், வஞ்சிரம், சங்கரா, அப்புறம் ஏரி மீன் கட்லாதான் காட்டினார்கள்.

காட்பாடியிலிருந்து:
தம்பி, கரையில் நின்று தேடாதே. அது திறந்த கடலில் வாழ்கிற மீன், தண்ணீர் நீலமாக மாறுகிற இடம்வரை போக வேண்டும். போர்ட் பிளேர் கப்பல்தான் சுலபமான வழி. இரண்டாம் நாள் விடிந்ததும் மேல்தளத்தின் முன்பக்கம் போய் நில். தூரத்தில் தேடாமல், கப்பலின் மூக்குக்குக் கீழே தண்ணீர் பிளக்கிற இடத்தையே பார்த்துக்கொண்டிரு.