ஆனியன் ரிங்ஸ்: கடித்தால் வெங்காயம் தனியாக உருவிக்கொண்டு வருகிறது, என்ன செய்யலாம்?

கயல், லாஸ்பேட்டை

எல்லோருக்கும் வணக்கம். ஆனியன் ரிங்ஸ் பற்றி ஒரு சந்தேகம். வெங்காய பஜ்ஜி எனக்கு நன்றாகவே வரும், நான் கேட்பது அது இல்லை. கரகரவென்று உடையுமே, அந்த வளையம்.

பிள்ளைகள் சண்டே மார்க்கெட் போய்விட்டுத் திரும்பும்போது ஒயிட் டவுனில் ஒரு கடையில் தின்று பழகிவிட்டார்கள். ஒரு தட்டில் ஆறேழு வளையம், அவ்வளவுதான். அந்தக் காசுக்குப் பெரிய மார்க்கெட்டில் ஒரு வாரத்து வெங்காயம் வாங்கிவிடலாம் என்று எனக்கு வயிறு எரிகிறது. சரி, வீட்டிலேயே செய்வோம் என்று இறங்கிவிட்டேன்.

பெல்லாரியை வட்டமாக நறுக்கி வளையம் வளையமாகப் பிரித்துக்கொள்கிறேன். கடலை மாவு, அரிசி மாவு, மிளகாய்த்தூள், உப்பு, ஒரு சிட்டிகை சோடா உப்பு. தோய்த்துப் போட்டால் சட்டியில் இருக்கும்வரை பார்க்க அழகாகத்தான் இருக்கிறது. கடித்தால் வெங்காயம் முழுசாக வாயோடு வந்துவிடுகிறது, மாவுக்கூடு கையில் நிற்கிறது. அப்புறம், கடைசி ஈடு எடுப்பதற்குள் முதல் ஈடு நமுத்துவிடுகிறது. காரமும் ஏறுவதில்லை. தூளை அள்ளிப் போட்டாலும் நிறம்தான் கறுக்கிறது, நாக்கில் உறைக்கவே இல்லை.

மாமியார் முட்டை தொடமாட்டார்கள், அதனால் முட்டை சேர்க்காத வழியாகச் சொல்லுங்கள். ஓவன், ஏர் ஃப்ரையர் எதுவும் வீட்டில் கிடையாது. வடைச்சட்டிதான்.

ஓ.டி. மாஸ்டர், கடலூர்

தங்கச்சி, துபாயில் ஓட்டல் வேலை பார்த்தபோது நான் நின்றதே பொரிக்கிற பக்கம்தான். இப்போது சாயங்காலம் மட்டும் தேவனாம்பட்டினம் பீச் பக்கம் வண்டி போடுகிறேன். அதனால் கொஞ்சம் நீளமாகவே சொல்கிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

வெங்காயம் உருவிக்கொண்டு வருவதற்கு மாவைக் குறை சொல்லிப் பயனில்லை. ஒரு வளையத்தை எடுத்து உள்பக்கம் நகத்தால் லேசாகச் சுரண்டிப் பாருங்கள். கண்ணாடித்தாள் மாதிரி ஒரு சவ்வு கிளம்பும். ஒரு முனையைப் பிடித்து மெதுவாக இழுத்தால் வளையம் முழுக்கச் சுற்றி ஒரே துண்டாக வந்துவிடும். மாவு அந்தச் சவ்வில் ஒட்டாது, வழுக்கும். பல்லால் அறுக்கவும் முடியாது. அதனால்தான் நீங்கள் கடித்த இடத்தில் துண்டாகாமல் மொத்தமும் உருவிக்கொண்டு வருகிறது. சவ்வு உரித்த வளையத்தைத் தொட்டாலே உள்பக்கம் சொரசொரவென்று ஈரமாக இருக்கும். மாவு பிடிப்பது அங்கேதான்.

பச்சையாக உரித்தால் பாதியில் அறுந்து பொறுமையைச் சோதிக்கும். நறுக்கிய வளையங்களை ஒரு பையில் போட்டு ஃப்ரீசரில் ஒரு மணி நேரமாவது வையுங்கள், முதல் நாள் ராத்திரியே வைத்தால் இன்னும் நல்லது. வெளியே எடுத்து இளகவிட்டால் சவ்வு தானாகக் கழன்றுகொள்ளும். வெங்காயமும் கொஞ்சம் தளர்ந்துவிடுவதால் கடிக்க மெத்தென்று இருக்கும். தளர்ந்துவிட்டதே என்று பயப்படாதீர்கள், கரகரப்பு மாவிலிருந்து வரவேண்டியது.

நறுக்கும் கனம் அரை அங்குலம் இருக்கட்டும். மெலிசாக நறுக்கினால் உள்ளே வெங்காயம் இருப்பதே தெரியாது. நடுவில் இருக்கும் குட்டி வட்டங்களை ஒதுக்கி வையுங்கள்.

அடுத்தது ஈரம். பெல்லாரியில் பத்துக்கு ஒன்பது பங்கு தண்ணீர்தான். துணியில் நன்றாக ஒற்றி எடுத்து, வெறும் மைதாவில் ஒரு தடவை புரட்டி உதறுங்கள். அந்த மைதா மேல் ஈரத்தைக் குடித்துக்கொள்ளும், கரைத்த மாவு அதன்மேல் பிடிக்கும். வண்டிக்காரர்கள் பலர் தாண்டிப்போகிற வேலை இது, தாண்டினால் மாவு வழிந்துவிடும்.

மாவுக்குக் கணக்கு: மைதா அரை கப், கார்ன்ஃப்ளவர் கால் கப், அரிசி மாவு கால் கப், உப்பு அரை டீஸ்பூன். இதற்கு முக்கால் கப்பிலிருந்து ஒரு கப் வரை ஐஸ் போட்ட சோடா. சாதா கடைச் சோடா போதும். அதிலுள்ள வாயு சூட்டில் விரிந்து மாவுக்குள் குட்டிக் குட்டி அறைகளாக நின்றுவிடும். சோடா உப்பை விட்டுவிடுங்கள். கொஞ்சம் கூடினாலும் எண்ணெய் குடிக்கும், வாயில் சோப்பு வாடை அடிக்கும். இன்னொன்று, ஊற்றியதும் போட்டு அடிக்காதீர்கள். மைதாவைத் தண்ணீரில் கலக்கக் கலக்க இழுவை கூடும், பொரித்தால் ரொட்டித் தோலாக நிற்கும். நாலு சுற்று சுற்றி, கட்டி ஒன்றிரண்டு கிடந்தாலும் விட்டுவிடுங்கள். எண்ணெய் காய்ந்த பிறகுதான் கரைக்க வேண்டும். கரைத்து வைத்துவிட்டு மிக்சியைக் கழுவப் போனால் வாயுவும் போய்விடும், சில்லென்று இருந்ததும் போய்விடும்.

மேலே ஒரு பூச்சு வேண்டுமானால் நீங்கள் கொடுத்து வைத்தவர். பாண்டியில் எந்த பேக்கரியிலும் நீள பிரெஞ்சு ரொட்டி கிடைக்கும். நேற்றைய ரொட்டியைப் பிய்த்து வெயிலில் காயவைத்து மிக்சியில் கொரகொரப்பாக ஓட்டுங்கள், மாவாக அரைக்கக் கூடாது. இங்கே நான் ரஸ்க் தூள்தான் போடுகிறேன். ரஸ்க்கில் சர்க்கரை இருப்பதால் சட்டென்று சிவந்துவிடும், கண் அதிலேயே இருக்கவேண்டும்.

எண்ணெய் 180 டிகிரி. கருவி இல்லாவிட்டால் ஒரு சொட்டு மாவை விடுங்கள், அடியில் உட்காராமல் உடனே மேலே வரவேண்டும். நம் பக்கத்து மல்லாட்டை (வேர்க்கடலை) எண்ணெய் இதற்கு நல்லது, ஆனால் ரீஃபைண்ட் செய்ததாக இருக்கட்டும். செக்கில் ஆட்டியது இந்தச் சூட்டில் நுரைத்துப் பொங்கும். முறுக்குக் கம்பியில் வளையத்தை மாட்டித் தோய்த்து, சொட்டவிட்டு இறக்குங்கள். விரலும் சுடாது, மாவும் கலையாது. ஒரு ஈட்டுக்கு நாலைந்துக்கு மேல் வேண்டாம், கூட்டினால் எண்ணெய் ஆறிவிடும்.

நமுப்பதற்கு வருவோம். எண்ணெயிலிருந்து எடுத்த பிறகும் உள்ளே இருக்கும் வெங்காயம் ஆவி விட்டுக்கொண்டேதான் இருக்கும். நீங்கள் பேப்பரில் ஒன்றன்மேல் ஒன்றாகக் குவித்தால் அந்த ஆவி போக்கிடம் இல்லாமல் மாவிலேயே தங்கும். பெரிய கண் சல்லடையைக் கவிழ்த்து அதன்மேல் ஒன்றோடொன்று படாமல் பரப்புங்கள். கடற்கரை ஊர்க் காற்றே ஈரக்காற்று, ஐப்பசி அடைமழையில் கேட்கவே வேண்டாம். அதனால் எங்கள் வண்டியில் இரண்டு தடவை பொரிப்போம். முதலில் 170 டிகிரியில் வெளுப்பாக எடுத்துவிடுவது. ஆள் வந்து கேட்டதும் 190 டிகிரியில் அரை நிமிடம். வீட்டுக்கும் இதுதான் வசதி. எல்லா ஈட்டையும் வெளுப்பாக எடுத்து வைத்துவிட்டு, பிள்ளைகள் தட்டோடு உட்கார்ந்ததும் இரண்டாம் பொரி.

காரத்தைப் பற்றி ராத்திரி எழுதுகிறேன், வண்டி கிளம்பும் நேரம்.

வள்ளி, வில்லியனூர்

மாஸ்டர் அண்ணே, எல்லாம் சரி, கடலை மாவை மட்டும் அப்படியே கழற்றிவிட்டுவிட்டீர்களே! மைதாவுக்கு என்ன ருசி இருக்கிறது?

கயல், நான் கடலை மாவு இரண்டு பங்கு, அரிசி மாவு ஒரு பங்கு போடுவேன். ஓமம் கொஞ்சம் கசக்கிப் போட்டு, கரைத்த மாவில் நன்றாகக் காய்ந்த எண்ணெய் ஒரு சின்னக் கரண்டி ஊற்றிக் கலப்பேன். சுர்ரென்று சத்தம் வரவேண்டும். கடித்தால் உடையும், மணமும் இருக்கும். வெங்காயத்தை முன்னாலேயே புளித்த மோரில் கால் மணி நேரம் போட்டு வைத்தால் நெடி அடங்கும். சவ்வு விஷயம் எனக்குப் புதுசு, நாளைக்கே பார்த்துவிடுகிறேன்.

முத்தியால்பேட்டை முட்டுச்சந்து

சோடாவுக்குப் பதில் பீர் ஊற்றினால் சூப்பராக வரும் என்று ஒரு வெளிநாட்டு வீடியோவில் பார்த்தேன். நம்ம ஊரில் அதற்கா பஞ்சம்? மாஸ்டர் கருத்து என்ன?

ஓ.டி. மாஸ்டர், கடலூர்

தம்பி, பொய்யில்லை. பீரில் வாயு உண்டு, நுரையும் நிற்கும். அதிலுள்ள ஆல்கஹால் தண்ணீரைவிடச் சீக்கிரம் ஆவியாகிவிடும், மாவு இழுவை ஆவதையும் கொஞ்சம் தடுக்கும். ஆனால் சாதா பீரில் அது நூற்றுக்கு ஐந்து பங்கு அளவில்தான் இருக்கும். பெரிய வேலையை வாயுதான் செய்கிறது, அதை சோடாவே செய்துவிடும். முட்டையே தொடாத மாமியார் இருக்கிற வீட்டுக்கு நீங்கள் சொல்கிற யோசனையைப் பாருங்கள்!

வள்ளிம்மா, காய்ந்த எண்ணெய் ஊற்றுவது அருமையான வழி, நானும் பஜ்ஜிக்குச் செய்வேன். ருசியில் கடலை மாவுதான் மேல், அதில் எனக்குச் சண்டை இல்லை. ஆனால் சட்டியிலிருந்து எடுத்த கையோடு தின்ன வேண்டும். கயல் கேட்பது கொஞ்ச நேரம் தட்டில் நிற்கிற ரிங்ஸ். அதற்கு மைதா, கார்ன்ஃப்ளவர், அரிசி மாவுதான். ருசி வேண்டுமென்றால் அரிசி மாவில் பாதியைக் குறைத்துக் கடலை மாவு சேர்க்கலாம், அதற்குமேல் நான் இறங்கி வரமாட்டேன்.

இப்போது காரம். மிளகாயின் உறைப்பு தண்ணீரில் கரையாது, எண்ணெயில் கரையும். தூளை மாவில் அள்ளிப் போட்டுப் பொரித்தால் அதில் ஒரு பகுதி சட்டி எண்ணெய்க்குப் போய்விடும், மிச்சம் மேற்பரப்பில் கருகிக் கசக்கும். நீங்கள் பார்த்த கறுப்பு அதுதான். மாவில் தூள் ஒரு டீஸ்பூன் போதும், அதுவும் நிறத்துக்காகக் காஷ்மீரி மிளகாய். உறைப்புக்குப் பச்சை மிளகாயும் பூண்டும் விழுதாக அரைத்து ஒரு ஸ்பூன் சேருங்கள், அது நிறத்தைக் கெடுக்காது.

முக்கியமான காரம் பொரித்த பிறகுதான். குண்டூர் மிளகாய்த்தூள், ஒன்றிரண்டாக இடித்த மிளகு, ஆம்சூர் (காய்ந்த மாங்காய்ப் பொடி), பொடித்த உப்பு நான்கையும் கலந்து ஒரு டப்பாவில் தயாராக வையுங்கள். எடுத்த வளையம் சல்லடையில் விழுந்ததும், மேலே எண்ணெய் பளபளப்பு அடங்குவதற்குள் தூவிவிட வேண்டும். ஒரு நிமிடம் தாமதித்தாலும் தூள் ஒட்டாமல் தட்டில்தான் கிடக்கும். இரண்டாம் பொரி முடிந்த பிறகு தூவுங்கள், முதலில் தூவினால் அதுவும் சட்டிக்குப் போய்விடும்.

இன்னொன்று, மயோனைஸ் தொட்டுத் தின்றுவிட்டுக் காரமே இல்லை என்று சொல்லக் கூடாது. அதிலுள்ள எண்ணெய் உறைப்பை வாரிக்கொண்டு போய்விடும், தயிரும் அப்படித்தான். காரம் வேண்டுகிறவர்களுக்கு வரமிளகாய், பூண்டு, தக்காளி வதக்கி அரைத்த சட்னி. சின்னப் பிள்ளைகளுக்கு மயோனைஸ் இருக்கட்டும்.

கயல், லாஸ்பேட்டை

மாஸ்டர் அண்ணா, உங்களுக்குப் புண்ணியமாகப் போகும். ராத்திரியே ஃப்ரீசரில் வைத்து, காலையில் எடுத்து இளகவிட்டேன். சவ்வு ஈரப் பிளாஸ்டிக்காகக் கையில் வருகிறது! இத்தனை வருஷமாக வெங்காயம் நறுக்குகிறேன், இது என் கண்ணில் பட்டதே இல்லை. நேரு வீதிப் பக்கம் வாங்கிய ரொட்டி வெயிலில் ஒரே பகலில் காய்ந்துவிட்டது.

வெங்காயம் உருவவில்லை. கடித்த இடத்தில் அரைவட்டமாக வெட்டு விழுந்து நிற்கிறது. சின்னவன் அதையே ஒவ்வொன்றாகக் கடித்துப் பார்த்துக்கொண்டிருந்தான். மாமியார் மட்டும், "இதெல்லாம் சரிம்மா, நாளைக்கு பஜ்ஜி போடு" என்று சொல்லிவிட்டார்கள். வள்ளி அக்கா, உங்கள் கட்சி.

தூள் விஷயத்தில் ஒன்று. எனக்கு ஆம்சூர் கிடைக்கவில்லை, எலுமிச்சை பிழியலாமா? அப்புறம் பொரித்த எண்ணெய் நிறைய மிஞ்சிவிட்டது. ரொட்டித் தூள் அடியில் கறுப்பாகக் கிடக்கிறது, கொட்ட மனசு வரவில்லை.

ஓ.டி. மாஸ்டர், கடலூர்

எலுமிச்சையைத் தட்டில் ஓரமாக வைத்துவிடுங்கள், வேண்டியவர்கள் கடிக்கும்போது பிழிந்துகொள்ளட்டும். மேலே பிழிந்து வைத்தால் நீங்கள் பட்ட பாடு எல்லாம் நமுத்துவிடும்.

எண்ணெயை ஆறவிட்டு அன்றைக்கே மெல்லிய துணியில் வடிகட்டுங்கள். அடியில் கிடக்கும் கரிதான் எண்ணெயைச் சீக்கிரம் கெடுக்கும். வடிகட்டியதைத் தாளிக்க, வறுக்க இரண்டு மூன்று நாளில் தீர்த்துவிடுங்கள். மறுபடி பொரிக்க வேண்டாம், அதிலும் புது எண்ணெயோடு கலக்கவே வேண்டாம். எங்களைப் போன்ற கடைக்காரர்களுக்கு 2018 ஜூலையிலிருந்து இதற்குச் சட்டமே இருக்கிறது. எண்ணெய் கெடக் கெட அதில் உண்டாகும் போலார் பொருள்கள் 25 சதவீதத்தைத் தாண்டினால் அதில் பொரிக்கக் கூடாது. வீட்டில் கருவி வைத்து யார் அளப்பது? கறுத்து, பிசுபிசுத்து, சூடேறும் முன்பே புகை வந்தால் கொட்டிவிடுங்கள். சிங்க்கில் ஊற்றாதீர்கள், குழாய் அடைத்துக்கொள்ளும். பழைய பாட்டிலில் ஊற்றி மூடிக் குப்பையில் போடுங்கள்.

வள்ளி, வில்லியனூர்

கயல், அந்த ஒதுக்கி வைத்த குட்டி வட்டங்கள் என்ன ஆயின? மீந்த மாவோடு ஒரு கை கடலை மாவு பிசறி, கறிவேப்பிலை, பச்சை மிளகாய் கிள்ளிப் போட்டு பக்கோடாவாக உதிர்த்துவிடு. மாமியாருக்கு பஜ்ஜி நாளைக்கு, இன்றைக்கு இது.