எம்எஸ்விசிபி140.டிஎல்எல் காணோம்: ஃபைலைத் தேடிப் போடுவதா, தொகுப்பை நிறுவுவதா?

கருப்பட்டி: விண்டோஸ் 10, 64 பிட். தங்கை கேட்டாள் என்று ஒரு வீடியோ எடிட்டிங் சாஃப்ட்வேர் போட்டேன். திறந்தாலே எம்எஸ்விசிபி140.டிஎல்எல் இல்லை என்கிறது. எடுத்துவிட்டு மறுபடி நிறுவியும் அதே பிழைதான். தேடினால் அந்த ஒரு ஃபைலை மட்டும் இலவசமாகத் தரும் தளங்கள் வரிசையாக வருகின்றன. இறக்கிப் போடலாமா?

பென்டிரைவ் மணி: தளம் எதற்கு? நன்றாக ஓடுகிற வேறொரு கம்ப்யூட்டரில் சிஸ்டம்32 ஃபோல்டரைத் திறந்து, அந்த ஃபைலைக் காப்பி செய்து, உங்கள் சிஸ்டம்32-ல் போடுங்கள். சர்வீஸ் கடையில் தினமும் செய்வதுதான். ஒரு எம்பி கூட இல்லாத ஃபைல் அது. ஒரு தோசைக்கு ஒரு மூட்டை அரிசியா ஊறவைப்பார்கள்?

வெண்ணிலா: மணி அண்ணா, அது தனி ஃபைல் இல்லையே. டிஎல்எல் என்றாலே சாஃப்ட்வேர்கள் பகிர்ந்து பயன்படுத்தும் நிரல் ஃபைல்தான். இது, விஷுவல் சி பிளஸ் பிளஸ்ஸில் எழுதிய சாஃப்ட்வேர்கள் ஓடும்போது பொதுவாகப் பயன்படுத்தும் ரன்டைம் தொகுப்பில் ஒரு துண்டு. சாஃப்ட்வேர் தொடங்கும்போது விண்டோஸ் அதைத் தேடி இணைக்கும், கிடைக்காவிட்டால் இந்தப் பிழை. இதை மட்டும் போட்டால் அடுத்து விசிரன்டைம்140.டிஎல்எல் காணோம் என்று வரும்.

கருப்பட்டி, அந்தத் தொகுப்பு மைக்ரோசாஃப்ட் தளத்திலேயே விஷுவல் சி பிளஸ் பிளஸ் ரீடிஸ்ட்ரிபியூட்டபிள் என்ற பெயரில் கிடைக்கும். 2015 முதல் 2022 வரை எல்லாவற்றுக்கும் ஒரே தொகுப்பு.

பென்டிரைவ் மணி: அடுத்தது காணோம் என்றால் அதையும் போடுவேன். நெட் இல்லாத வீட்டில் போய் நின்றால் தெரியும், தங்கச்சி.

வெண்ணிலா: அந்த இன்ஸ்டாலர் சுமார் 25 எம்பி, நெட் இல்லாமலே ஓடும். அதையும் உங்கள் பென்டிரைவிலேயே வைத்துக்கொள்ளலாமே!

காப்பி செய்வதில் இன்னொரு சிக்கல். 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32-ல் இருப்பவை 64 பிட் ஃபைல்கள். 32 பிட் ஃபைல்கள் சிஸ்வாவ்64 என்ற ஃபோல்டரில் இருக்கின்றன. பெயரைப் பார்த்தால் தலைகீழாகத் தோன்றும், ஆனால் அப்படித்தான். மாற்றிப் போட்டால் ‘காணோம்’ போய், 7பி என்று முடியும் எண்ணோடு வேறொரு பிழை வரும்.

நள்ளிரவு டெவ்: நான் மணி பக்கம் பாதி. சிஸ்டம்32-ல் கை வைக்க வேண்டாம். ஆனால் சாஃப்ட்வேர் இருக்கிற ஃபோல்டரிலேயே டிஎல்எல்லைப் போடுவது முறையான வழிதான், மைக்ரோசாஃப்டே அனுமதிக்கிறது. விண்டோஸ் பொதுவாக முதலில் தேடுவதும் அங்கேதான். ஒரு சாஃப்ட்வேருக்குப் போட்டது இன்னொன்றைக் கெடுக்காது. 90களில் ஒவ்வொரு இன்ஸ்டாலரும் சிஸ்டம் ஃபோல்டரில் தன் பதிப்பை எழுதி, மற்றதையெல்லாம் படுக்க வைத்த கூத்து இதில் இல்லை.

வெண்ணிலா: அது அந்த சாஃப்ட்வேரை எழுதியவர் செய்ய வேண்டிய வேலை. பயனர் செய்தால், அந்தக் காப்பிக்குப் பாதுகாப்பு அப்டேட் யார் தருவார்கள்? மேலும் முதலில் தேடும் இடம் அது என்பதால்தான், தீய டிஎல்எல்லை வைப்பவர்களும் அங்கேயே வைக்கிறார்கள். முகம் தெரியாத தளத்தின் ஃபைல், அந்த சாஃப்ட்வேருக்கு உள்ள எல்லா உரிமையோடும் ஓடும்.

நள்ளிரவு டெவ்: ஃபைல் பிராப்பர்ட்டீஸில் டிஜிட்டல் சிக்னேச்சர் பார்த்துவிட்டுப் போடலாம். மைக்ரோசாஃப்ட் கையொப்பம் செல்லுபடியானால், எங்கிருந்து வந்தது என்று ஏன் பயப்பட வேண்டும்?

வெண்ணிலா: நீங்கள் பார்ப்பீர்கள். அவசரத்தில் இருப்பவர் பார்ப்பாரா?

பென்டிரைவ் மணி: எனக்கு எரிச்சல் வேறொன்றில். எந்த டிஎல்எல் பிழை என்றாலும் எஸ்எஃப்சி ஸ்கேன்நவ் கமாண்ட் ஓட்டு, ரெக்எஸ்விஆர்32 கமாண்ட் ஓட்டு என்று மந்திரம் மாதிரி எழுதிவிடுகிறார்கள்.

வெண்ணிலா: இதில் முழுக்க உங்கள் கட்சி. எஸ்எஃப்சி விண்டோஸின் சொந்த ஃபைல்களைத்தான் சரிசெய்யும், இது அந்தக் கணக்கில் இல்லை. ரெக்எஸ்விஆர்32, காம் (சாஃப்ட்வேர்கள் ஒன்றையொன்று பயன்படுத்த மைக்ரோசாஃப்ட் வகுத்த முறை) வகை டிஎல்எல்களைப் பதிவு செய்யத்தான். டி3டிஎக்ஸ் என்று தொடங்கும் ஃபைல்களைக் கேட்கும் கேம் பிழைகளுக்கும் இதே கதை: டி3டிஎக்ஸ்9_43 காணோம் என்றால் 2010 ஜூன் டைரக்ட்எக்ஸ் ரன்டைம்தான் வேண்டும்.

கருப்பட்டி: எக்ஸ்64, அதாவது 64 பிட் தொகுப்பு போட்டேன். இன்னும் அதே பிழை.

வெண்ணிலா: சாஃப்ட்வேர் எந்த ஃபோல்டரில் இருக்கிறது? புரோகிராம் ஃபைல்ஸ் எக்ஸ்86 என்றால் பெரும்பாலும் அது 32 பிட். 32 பிட்டுக்கான எக்ஸ்86 தொகுப்பையும் போடுங்கள், இரண்டும் சேர்ந்தே இருக்கலாம்.

கருப்பட்டி: ஆமாம், எக்ஸ்86-ல்தான் இருந்தது. போட்டதும் திறந்துவிட்டது. நன்றி.

பென்டிரைவ் மணி: சரி, இன்ஸ்டாலர் இரண்டையும் பென்டிரைவில் ஏற்றிக்கொள்கிறேன். காப்பி வேலையை விடுவதாகச் சொல்லவில்லை. விண்டோஸ் 7 மெஷின் வந்தால் ஏபிஐ-எம்எஸ்-வின்-சிஆர்டி என்று நீளமாக ஒன்று கேட்குமே, அதற்கு?

வெண்ணிலா: அது யுனிவர்சல் சி ரன்டைம், விண்டோஸ் 10-ல் கூடவே வருவது. 7-ல் சர்வீஸ் பேக் 1 இருக்க வேண்டும், அதன்மேல் கேபி2999226 அப்டேட். அதையும் ஏற்றிக்கொள்ளுங்கள், அண்ணா.